கண்ணாடியில் மலையைப் பிடித்தவர்

எங்கள் ரசாயன ஆய்வுக்கூடத்தில் வெள்ளி நைட்ரேட்டைக் கையாளும் நாட்களில் யாருடைய விரலும் தப்புவதில்லை. படும்போது அது வெறும் தண்ணீர் போலத்தான் இருக்கும். மறுநாள் காலையில் பார்த்தால் விரல்நுனி கறுத்துப் போயிருக்கும். எவ்வளவு தேய்த்தாலும் அந்தக் கறை போகாது; தோல் தானாக உரிந்தால்தான் உண்டு. சென்ற பருவத்தில் ஒருநாள் அப்படிக் கறுத்த விரல்களோடு விடுதி உணவுக்கூடத்தில் நான் அமர்ந்திருந்தேன். எதிரே இருந்த வரலாற்றுத் துறை நண்பர் என் கையைப் பார்த்துச் சிரித்தார். நூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன் பிறந்திருந்தால் ஊரார் என்னைப் புகைப்படக்காரன் என்றே நினைத்திருப்பார்கள் என்றார்.

விளையாட்டாகச் சொன்ன சொல்தான். ஆனால் அது என்னை நூலகத்தின் கலைப்பகுதிக்கு இழுத்துச் சென்றது. விஞ்ஞான மாணவர்கள் அதிகம் எட்டிப் பார்க்காத பகுதி அது. அங்கே கனமான படத்தொகுதி ஒன்றைப் புரட்டிக்கொண்டிருந்தபோது இரண்டு படங்கள் என்னை நிறுத்தின.

முதற்படத்தில் ஒரு பள்ளத்தாக்கு. இருபுறமும் செங்குத்தான கருங்கற்பாறைச் சுவர்கள். நடுவே ஊசியிலை மரங்கள். அசைவற்ற நீரில் மலையின் நிழல். உலகம் படைக்கப்பட்ட மறுநாள் எடுத்த படமோ என்று தோன்றும். இரண்டாவது படத்திலும் மலைதான். ஆனால் அதன் சதை முழுவதும் அரிக்கப்பட்டு எலும்பு தெரிந்தது. இரும்புக் குழாய்களிலிருந்து நீர்த்தாரைகள் பீறிட்டு மண்சுவரைத் தாக்கிக்கொண்டிருந்தன. கீழே சேறும் கூழாங்கல்லும் கலந்து கிடந்தன.

இரண்டு படங்களுக்கும் அடியில் ஒரே பெயர்: கார்ல்டன் வாட்கின்ஸ்.

காத்த மலையையும் அழித்த மலையையும் ஒரே மனிதர் எப்படி அதே பொறுமையோடும் அதே அழகுணர்ச்சியோடும் படம் பிடித்தார்? இந்தக் கேள்வி என்னை விடவில்லை. அவர் வாழ்க்கையைத் தேடிப் படித்தேன். படித்ததை நம் சங்க மலரில் நண்பர்களோடு பகிர்ந்துகொள்ள விரும்புகிறேன்.

தங்கம் தேடிய கூட்டத்தில்

வாட்கின்ஸ் 1829-ஆம் ஆண்டு நவம்பர் 11-ஆம் நாள், நியூயார்க் மாநிலத்தில் ஒனியோன்டா என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தை தச்சுத்தொழில் தெரிந்தவர். விடுதி நடத்திப் பிழைத்தவர். அதே ஊரில் கடை வைத்திருந்த காலிஸ் ஹன்டிங்டன் என்பவர் வாட்கின்ஸுக்கு நண்பரானார். ஒருவர் பின்னாளில் அமெரிக்காவின் பெரும் ரயில்வே முதலாளிகளுள் ஒருவரானார். மற்றவர் பெயரில்லாப் புதைகுழியில் அடங்கினார். எனினும் அந்த நட்பு மட்டும் கடைசிவரை அறுபடவில்லை.

1848 ஜனவரியில் கலிபோர்னியாவில் ஓர் ஆற்றங்கரையில் தங்கம் கிடைத்தது. செய்தி பரவியதும் உலகின் பல மூலைகளிலிருந்தும் மக்கள் அங்கே பாய்ந்தார்கள். ஹன்டிங்டன் முதலில் சென்றார். 1851-ல் வாட்கின்ஸும் கலிபோர்னியா போய்ச் சேர்ந்தார். அப்போது அவருக்கு வயது 21. இன்று என் வயதைவிட இரண்டு குறைவு. பிழைப்பைத் தேடிப் பிறந்த ஊரை விட்டுப் புறப்படும் இளைஞனின் மனம் எப்படியிருக்கும் என்பதை இந்தப் பல்கலைக்கழகத்துத் தமிழ் மாணவர்களுக்கு நான் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.

தங்கம் தேடிப் போனவர்களில் பலருக்குத் தங்கம் கிடைக்கவில்லை. வாட்கின்ஸும் கடைகளிலே வேலை பார்த்து நாளைக் கழித்தார். அவர் புகைப்படத் தொழிலுக்கு வந்தது தற்செயலே. ராபர்ட் வான்ஸ் என்ற புகழ்பெற்ற படக்காரருக்கு சான் ஹோசே நகரில் ஒரு நிலையம் இருந்தது. அங்கு வேலை பார்த்தவர் திடீரென்று விலகிவிட்டார். வேறு ஆள் கிடைக்கும் வரை கடையைப் பார்த்துக்கொள்ள வாட்கின்ஸ் அமர்த்தப்பட்டாராம். வந்தவர் தொழிலைக் கற்றுக்கொண்டு அங்கேயே நிலைத்துவிட்டார் என்று அவருடைய நண்பர் ஒருவர் பின்னாளில் எழுதி வைத்திருக்கிறார்.

1850-களின் இறுதிக்குள் வாட்கின்ஸ் தனித்தொழில் நடத்தத் தொடங்கிவிட்டார். அக்காலத்துப் படக்காரர்களில் பெரும்பாலோர் கூடத்தில் மனிதர்களை உட்கார வைத்து முகத்தைப் படம் பிடித்துக் காசு பார்த்தார்கள். வாட்கின்ஸோ கருவியை வெளியே தூக்கிச் சென்றார். கலிபோர்னியாவில் அப்போது நில வழக்குகள் மலிந்திருந்தன. எல்லை எது, ஓடை எது, சுரங்கம் யாருடையது என்று நீதிமன்றங்களில் வாதம் நடந்தது. அவற்றுக்குச் சான்றாகப் படம் எடுத்துக் கொடுப்பது அவருடைய தொடக்ககால வேலைகளில் ஒன்று. ஒருமுறை அவரே சாட்சிக் கூண்டில் ஏறினார். கருவியை எங்கே நிறுத்துவது என்று எப்படித் தீர்மானிக்கிறீர் என்று வினவியபோது, எந்த இடத்திலிருந்து காட்சி மிக நன்றாகத் தெரியுமோ அந்த இடத்தை என்று பதில் சொன்னார். எளிய விடைதான், ஆனால் அவருடைய கலை முழுவதும் அதில் அடங்கியிருப்பதாக எனக்குத் தோன்றுகிறது.

ஈரம் உலருமுன்

இன்று நம் சட்டைப் பைக்குள் கைப்பேசி இருக்கிறது. விரலால் தொட்டால் படம். ஒரு மாலை நடையில் நூறு படம் எடுத்து, தொண்ணூறை அழித்துவிடுகிறோம். வாட்கின்ஸ் ஒரு படம் எடுக்கப் பட்ட பாட்டை ரசாயன மாணவன் என்ற உரிமையோடு சற்று விரித்துச் சொல்லுகிறேன்.

அவர் கையாண்டது ஈரக் கொலோடியன் முறை. பிரெடரிக் ஸ்காட் ஆர்ச்சர் என்ற ஆங்கிலேயர் 1851-ல் வெளியிட்ட முறை அது. நைட்ரோ செல்லுலோஸை ஈதரிலும் ஆல்கஹாலிலும் கரைத்தால் பாகு போன்ற திரவம் கிடைக்கும். அதில் அயோடைடு, புரோமைடு உப்புகளைச் சேர்த்து, பளிச்சென்று துடைத்த கண்ணாடித் தகட்டின்மேல் ஊற்றி, நான்கு மூலைக்கும் ஓடவிட வேண்டும். ஒரு துளி சிந்தக் கூடாது. ஒரு தூசி படியக் கூடாது. பிறகு இருட்டில் அந்தத் தகட்டை வெள்ளி நைட்ரேட் கரைசலில் அமிழ்த்த வேண்டும். ஒளிக்கு உணர்ச்சியுள்ள வெள்ளி உப்புகள் அப்போதுதான் படலத்தில் உண்டாகின்றன. தகடு ஈரமாயிருக்கும்போதே கருவியில் பொருத்தி, காட்சியைப் பதித்து, மறுபடி இருட்டுக் கூடாரத்துக்கு ஓடி, இரும்பு சல்பேட் கரைசலால் உருவத்தை எழுப்ப வேண்டும். இவ்வளவும் சில நிமிடங்களில் முடிந்தாக வேண்டும். ஈரம் உலர்ந்தால் படமும் போயிற்று, உழைப்பும் போயிற்று.

அந்நாளில் சிறு படத்தைப் பெரிதாக்கி நல்ல பிரதி எடுப்பது எளிதன்று. கண்ணாடி எவ்வளவோ படமும் அவ்வளவே. மலையின் பெருமையைக் காட்ட வேண்டுமானால் கண்ணாடியே பெரிதாக இருக்க வேண்டும். ஆகவே 18 அங்குல அகலமும் 22 அங்குல நீளமும் உள்ள தகடுகளை ஏற்கும் கருவியைத் தச்சரிடம் சொல்லிச் செய்துகொண்டார். மாபெரும் தகடு என்று பொருள்படும் பெயரால் அதை அழைத்தார்கள்.

பிரதி எடுக்கும் தாளுக்கு முட்டையின் வெண்கருவைப் பூசி, மீண்டும் வெள்ளி நைட்ரேட் தோய்த்து, கண்ணாடியின் கீழ் வைத்து வெயிலில் காட்டுவார்கள். படத்தின் நிறம் உயரவும் நெடுநாள் நிலைக்கவும் தங்கக் குளோரைடுக் கரைசலில் நனைப்பார்கள். இதைப் படித்தபோது நான் சிறிது நேரம் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். தங்கச் சுரங்கத்தின் படத்தில் உண்மையாகவே தங்கம் கலந்திருக்கிறது!

யோசெமிட்டி

1861-ஆம் ஆண்டுக் கோடையில் வாட்கின்ஸ் யோசெமிட்டிப் பள்ளத்தாக்குக்குப் புறப்பட்டார். நல்ல சாலை கிடையாது. கருவி, கண்ணாடிகள், ரசாயனப் புட்டிகள், கூடாரம் எல்லாவற்றையும் கோவேறு கழுதைகளின் முதுகில் ஏற்றி மலைப்பாதைகளில் கொண்டுபோனார். திரும்பி வரும்போது 30 பெரிய தகடுகளும் ஏறக்குறைய 100 இரட்டைப் படத் தகடுகளும் அவரிடம் இருந்தன. உடையாமல் அவற்றைக் கீழே இறக்கியதே ஒரு சாதனை.

எல் கேப்பிட்டன் என்ற ஒற்றைப் பாறை அடிவாரத்திலிருந்து 3,000 அடி செங்குத்தாக எழுகிறது. படத்தில் அதன் வெடிப்புகளைக்கூட எண்ணலாம். ராட்சத சிகோயா மரம் ஒன்றைப் படம் எடுத்தபோது அதன் அடியில் மனிதர்களை நிற்கவைத்தார். மரத்தின் பருமன் எத்தகையது என்பது அப்போதுதான் பார்ப்பவர் கண்ணுக்குப் புலனாயிற்று. கொலோடியன் நீல ஒளிக்கே மிகுதியாக இணங்கும். ஆதலால் வானம் வெறும் வெண்மையாக விழும். அந்த வெண்மையின் முன் மலை வரைந்து வைத்தாற்போல் நிற்கும். அருவி அசைவதால் நீர் பட்டுத்துணி போல் படியும். தம் முறையின் குறைகளையே அவர் அழகாக்கிக்கொண்டார்.

1862 டிசம்பரில் அப்படங்கள் நியூயார்க் நகரில் காட்சிக்கு வைக்கப்பட்டன. அப்போது அமெரிக்காவில் உள்நாட்டுப் போர் நடந்துகொண்டிருந்தது. நாளிதழ்களில் நாள்தோறும் சாவுப் பட்டியலைப் படித்துக்கொண்டிருந்த மக்கள், துப்பாக்கி ஓசை எட்டாத ஒரு பள்ளத்தாக்கைக் கண்டார்கள். எமர்சன் போன்ற சிந்தனையாளர்களிடமும் அப்படங்கள் போய்ச் சேர்ந்தன. கலிபோர்னியாவின் செனட்டர் ஜான் கோனஸ் 1864-ல் ஒரு மசோதாவைக் கொண்டுவந்தார். யோசெமிட்டிப் பள்ளத்தாக்கும் மாரிபோசா பெருமரத்தோப்பும் தனியார் கைக்குப் போகாமல், பொதுமக்களின் பயனுக்கென்றே என்றென்றும் ஒதுக்கப்பட வேண்டும் என்பது அதன் சாரம். 1864 ஜூன் 30-ஆம் நாள் ஆபிரகாம் லிங்கன் அதில் கையொப்பமிட்டார்.

வாட்கின்ஸின் படங்களே இந்தச் சட்டத்தைப் பிறப்பித்தன என்று சிலர் சொல்லுவார்கள். அது சற்று மிகை. ஆனால் சட்டம் இயற்றிய வாஷிங்டன் நகரத்தாரில் மிகப் பலர் அந்த மலைகளை நேரில் கண்டதில்லை. காணாத ஒன்றைக் காப்பாற்ற அவர்கள் துணிந்ததில் அப்படங்களுக்கும் பங்குண்டு என்பதில் ஐயமில்லை. பிற்காலத்தில் பல நாடுகளில் எழுந்த தேசியப் பூங்காக்களுக்கு இந்தச் சட்டமே முன்னோடி. 1865, 1866 ஆண்டுகளில் மாநில நிலவியல் ஆய்வினருக்காக வாட்கின்ஸ் மீண்டும் அங்கே சென்று படமெடுத்தார். ஏறக்குறைய 8,500 அடி உயரமுள்ள சிகரம் ஒன்று அவர் பெயரைப் பெற்றது. மிர்ரர் ஏரியில் தலைகீழாகத் தெரியும் மலை அதுதான்.

இங்கே ஒன்றைச் சொல்லாமல் மேலே போவது நேர்மையாகாது. அந்தப் பள்ளத்தாக்கு ஆளற்ற காடு அன்று. அவானீச்சி என்னும் பழங்குடி மக்கள் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த வீடு அது. வாட்கின்ஸ் கருவியோடு நுழைவதற்குப் பத்தே ஆண்டுகளுக்கு முன், 1851-ல், மாரிபோசாப் படை என்ற ஆயுதக் கூட்டம் புகுந்து, அவர்கள் ஊர்களையும் சேமித்த உணவையும் எரித்து அவர்களை விரட்டியது. பிறகு சிலர் திரும்பி வந்து வாழ்ந்தார்கள். படத்தில் நாம் வியக்கும் அந்தத் திறந்த புல்வெளிகள்கூட, அவர்கள் ஆண்டுதோறும் அளவோடு தீ வைத்துப் புதரை நீக்கிப் பேணியவை. மனிதக் கை படாத நிலம் என்று உலகம் கொண்டாடியது, மனிதக் கை வளர்த்த நிலமே! அந்தக் கைகள் வாட்கின்ஸின் பெரும்படங்களில் இல்லை. காட்சி நன்றாகத் தெரியும் இடத்தில் அவர் நின்றார். ஆனால் எந்த இடத்தில் நின்றாலும் ஏதோ ஒன்று மறைந்துபோகிறது.

அரிந்த மலை

பாராட்டு கிடைத்தது, 1867-ல் பாரிஸ் கண்காட்சியில் பதக்கமும் கிடைத்தது. ஆனால் அழகிய அருவியின் படத்தை வாங்குவோர் சிலரே. கண்ணாடிக்கும் ரசாயனத்துக்கும் கழுதைகளுக்கும் கொட்டும் பணத்தை அந்த வருவாய் ஈடுசெய்யாது. வயிற்றுக்கு வழி செய்தவர்கள் சுரங்க முதலாளிகளும், ரயில் கம்பெனியாரும், மரம் அறுப்போரும், நிலம் விற்போருமே. 1863-ல் மென்டசீனோ கடற்கரையில் செம்மரக் காடுகளை விழுங்கும் அறுவை ஆலைகளைப் படமெடுத்தார். அதே ஆண்டில் நியூ ஆல்மடென் பாதரசச் சுரங்கத்தை எடுத்தார். 1867-ல் ஒரிகன் மாநிலத்துக் கொலம்பியா ஆற்றங்கரையை எடுத்தார். அங்கே பாறையை ஒட்டி ஓடும் புதிய தண்டவாளம் தொலைவில் சென்று மறையும் படம் இன்றும் பெயர் பெற்றது. ஹன்டிங்டனின் தயவால் ரயிலில் எங்கும் செல்ல அவருக்கு வாய்ப்பிருந்தது.

நான் முதலில் சொன்ன இரண்டாவது படம் 1871-ஐ ஒட்டி எடுக்கப்பட்டது. இடம் நெவாடா கவுன்டியில் மலகாஃப் சுரங்கம். அங்கே நடந்தது நீர்வீச்சுச் சுரங்கத் தொழில். மலைமேல் நீரைத் தேக்கி, பல மைல் தூரம் கால்வாயில் கொண்டுவந்து, குறுகும் இரும்புக் குழாய்களில் இறக்கினால் அழுத்தம் மிகும். அந்தத் தாரையை மலையின்மேல் திருப்பினால் மலை கரையும். கரைந்த சேற்றை மரவாய்க்கால்களில் ஓடவிட்டு, அடியில் பாதரசம் இட்டு வைப்பார்கள். பாதரசம் தங்கத்தைப் பற்றிக்கொள்ளும். பிறகு அந்த ரசக்கலவையைக் காய்ச்சினால் பாதரசம் ஆவியாகித் தங்கம் நிற்கும். மண்ணெல்லாம் ஆற்றுக்குப் போய்விடும்.

வாட்கின்ஸை அனுப்பியவர்கள் மலையின் அழிவைக் காட்டச் சொல்லி அனுப்பவில்லை; பங்கு வாங்கும் தொலைதூரப் பணக்காரர்களுக்குத் தங்கள் தொழிலின் வலிமையைக் காட்டத்தான் அனுப்பினார்கள். அவரும் யோசெமிட்டியில் நின்றது போலவே இங்கும் நின்றார். ஒளி சரியாக விழும் வேளை பார்த்தார். கரையும் மலையும் அங்கே தகட்டில் பதிந்தது. நீர்த்தாரைகள் வெண்ணிற வில்போல் வளைந்து விழுகின்றன. அருகில் நிற்கும் மனிதர்கள் எறும்பளவு தெரிகிறார்கள். படத்தில் குற்றச்சாட்டும் இல்லை, புகழ்ச்சியும் இல்லை. என்ன இருந்ததோ அது இருக்கிறது.

பின்னர் என்ன நடந்தது? அந்த மண் யூபா ஆற்றில் இறங்கிற்று. ஆற்றுப்படுகை மேடிட்டு மேடிட்டு, மேரிஸ்வில் நகரின் தெருக்களையும்விட உயர்ந்தது. நகரத்தார் கரை எழுப்பினார்கள், ஆறும் உயர்ந்தது. 1875-ல் கரை உடைந்து வெள்ளம் நகருக்குள் புகுந்தது. பழத்தோட்டங்களும் வயல்களும் சரளை மண்ணுக்கடியில் புதைந்தன. விவசாயிகள் வழக்கு மேல் வழக்குத் தொடுத்தார்கள். 1884 ஜனவரியில் நீதிபதி லொரென்சோ சாயர், சுரங்கக் கழிவை ஆற்றில் விடக் கூடாதென்று நிரந்தரத் தடை விதித்தார். ஓர் ஆற்றின் பொருட்டு ஒரு பெருந்தொழிலை நீதிமன்றம் நிறுத்திய முதல் பெரிய தீர்ப்புகளில் அது ஒன்று. மலகாஃபில் எஞ்சியது 7,000 அடி நீளமும் 3,000 அடி அகலமுமான குழி.

பாதரசக் கணக்கு அத்தோடு முடியவில்லை. கலிபோர்னியாவின் மரவாய்க்கால்களிலிருந்து கசிந்து ஆற்றில் கலந்த பாதரசம் ஆயிரக்கணக்கான டன். அது படுகையில் தங்கி, நுண்ணுயிர்களால் மீதைல் பாதரசமாக மாறி, மீனுக்குள் ஏறுகிறது. சான்பிரான்சிஸ்கோ விரிகுடாவின் சில மீன்களை அளவறிந்து உண்ணுமாறு இன்றும் எச்சரிக்கை உண்டு. பாதரசம் பிறந்த நியூ ஆல்மடெனையும், அது கலந்த மலகாஃபையும் வாட்கின்ஸ் கண்ணாடியில் பிடித்து வைத்திருக்கிறார். நோயின் தொடக்கத்தை எழுதிவைத்த வைத்தியர் குறிப்பு போல இரு படங்களும் எனக்குத் தோன்றுகின்றன. வைத்தியர் மட்டும் அது நோய் என்று அறியவில்லை.

பறிபோனதும் மீண்டும் தொடங்கியதும்

படமெடுப்பதில் வல்லவரான அவர் பணத்தைப் பேணுவதில் வல்லவராக இல்லை. சான்பிரான்சிஸ்கோவில் பெரிய காட்சிக்கூடம் திறந்து கடனில் மூழ்கினார். 1875-ல் கலிபோர்னியா வங்கி கதவடைத்தது, எங்கும் பணமுடை. கடன் கொடுத்தவர் கூடத்தையும் அதிலிருந்த தகடுகளையும் எடுத்துக்கொண்டார். இருபதாண்டு உழைப்பு ஒரு கையெழுத்தில் கைமாறியது. ஐசையா டேபர் என்ற படக்காரர் அந்தத் தகடுகளிலிருந்தே பிரதி எடுத்துத் தம் பெயரைப் பொறித்து விற்றார். வாட்கின்ஸால் ஒன்றும் செய்ய முடியவில்லை.

நாற்பத்தாறு வயதில் இப்படி நேர்ந்தால் நம்மில் எத்தனை பேர் எழுந்து நிற்போம்? அவர் எழுந்தார். தகடுகளைத்தான் பறிக்க முடியும். மலைகளை யார் பறிப்பார்? பழைய இடங்களுக்கு மறுபடியும் போனார். யோசெமிட்டியிலும் மீண்டும் கருவியை நிறுத்திப் புதிதாகப் படமெடுத்தார். புதிய வரிசை என்றே அவற்றுக்குப் பெயரிட்டார். 1876-ல் நெவாடாவின் வெள்ளிச் சுரங்கங்கள்; 1880-களில் கெர்ன் கவுன்டியில் கால்வாய் வெட்டி வயலாக்கிய வறண்ட நிலங்கள்; 1890-ல் மான்டானாவின் செம்புச் சுரங்கங்கள் என்று வேலை தொடர்ந்தது. ஒருமுறை பெட்டி நிறைய அடுக்கிய பீச்சுப் பழங்களை மட்டும் படமெடுத்தார். நிலம் விற்கும் கம்பெனிக்கு அது விளம்பரம். ஆனால் ஒவ்வொரு பழத்தின் தோலும் தொட்டால் மிருதுவாயிருக்கும் போலிருக்கிறது.

1879-ல் தம்மைவிட இருபது வயதுக்கு மேல் இளையவரான பிரான்சஸ் ஸ்னீட் என்பவரை மணந்தார். ஒரு மகள், ஒரு மகன். மகனுக்கு நண்பர் ஹன்டிங்டனின் முதற்பெயரையே சூட்டினார்.

1890-களில் கண்பார்வை மங்கத் தொடங்கியது. மூட்டுவலியும் தலைச்சுற்றலும் சேர்ந்துகொண்டன. வாடகை கொடுக்க முடியாமல் மனைவி மக்களோடு ஒரு ரயில் பெட்டியில் ஏறக்குறைய பதினெட்டு மாதம் குடியிருந்தார். ஹன்டிங்டன் கேபே பள்ளத்தாக்கில் ஒரு சிறு பண்ணையை அவருக்கு எழுதிக் கொடுத்தார். வாட்கின்ஸின் முதுமைக்கு அது ஒன்றே ஆதாரம்.

அவருடைய கூடத்திலிருந்த தகடுகளையும் படங்களையும் வாங்கிப் பாதுகாக்க ஸ்டான்போர்டு பல்கலைக்கழகத்தார் பேசிக்கொண்டிருந்தார்கள். பேச்சு முடியுமுன் 1906 ஏப்ரல் 18 விடிந்தது. அன்று அதிகாலை சான்பிரான்சிஸ்கோவைப் பூகம்பம் உலுக்கியது. பின்னர் தீ மூண்டது. கூடம் சாம்பலாயிற்று. அன்றைய தெருவில் எடுத்த படம் ஒன்று உண்டு. கைத்தடி ஊன்றிய பார்வையற்ற கிழவர் ஒருவரைத் துணைக்கு நிற்பவர்கள் நடத்திக்கொண்டு போகிறார்கள். வாழ்நாளெல்லாம் பிறர் பார்க்கும்படி உலகைப் படமெடுத்தவர், தம் உழைப்பு எரிவதைத் தாம் பார்க்க முடியாமல் நடக்கிறார்.

அந்த அடியிலிருந்து அவர் மீளவில்லை. 1910-ல் நாப்பா நகரத்து அரசாங்க மனநோய் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார். 1916 ஜூன் 23-ஆம் நாள் அங்கே இறந்தார். மருத்துவமனை நிலத்தில் அடையாளக் கல் இல்லாமல் புதைத்தார்கள். இரண்டு மாதம் கழித்து, ஆகஸ்டு 25 அன்று, அமெரிக்க தேசியப் பூங்காத் துறையை நிறுவும் சட்டம் நிறைவேறியது.

எஞ்சியது

தகடுகள் எரிந்தாலும் ஊர் ஊராக விற்றுப்போன பிரதிகள் பிழைத்தன. நூலகங்களிலும் அருங்காட்சியகங்களிலும் தேடித் தொகுத்தபோது பெருந்தகட்டுப் படங்கள் மட்டுமே 1,200-க்கும் மேல் கிடைத்தன. பழைய பனியாறுகளையும் காடுகளையும் ஆற்றங்கரைகளையும் இன்றைய நிலையோடு ஒப்பிட விரும்புவோருக்கு இவை போன்ற படங்களே முதற்சான்று.

என் பழைய கேள்விக்கு வருகிறேன். காத்த மலையையும் அழித்த மலையையும் ஒரே கண்ணால் பார்த்தவரை எப்படி மதிப்பது? முதலில் எனக்குச் சிறிது கோபம் இருந்தது. கூலி கொடுத்தவர் பக்கம் கருவியைத் திருப்பினார் என்றே எண்ணினேன். இப்போது அப்படி எண்ண முடியவில்லை. கூலி கொடுத்தவர்கள் அவரை எங்கே அனுப்புவது என்பதைத்தான் தீர்மானித்தார்கள்; தகட்டில் என்ன விழ வேண்டும் என்பதை ஒளி தீர்மானித்தது. முதலீட்டைத் திரட்ட எடுத்த படம் நூறாண்டுக்குப் பிறகு அழிவுக்குச் சாட்சியாகிவிட்டது. பொய் கலந்து எடுத்திருந்தால் அது விளம்பரமாகவே செத்திருக்கும்.

ஆனால் இதோடு அவரை முழுவதும் விடுவித்துவிடவும் எனக்கு மனமில்லை. விரட்டப்பட்ட அவானீச்சி மக்கள் நினைவுக்கு வருகிறார்கள். சேற்றில் புதைந்த மேரிஸ்வில் தோட்டங்கள் நினைவுக்கு வருகின்றன. நேர்மையாகப் பதிவு செய்வது ஒரு கடமை. எதைப் பதிவு செய்யாமல் விட்டோம் என்று கேட்டுக்கொள்வது இன்னொரு கடமை. முதலாவதை அவரிடம் கற்கலாம். இரண்டாவதை அவர் வாழ்க்கையிலிருந்து கற்கலாம். நாளை நம்மில் பலர் ஏதோ ஒரு தொழிற்சாலையிலோ சுரங்கத்திலோ ஆய்வுக்கூடத்திலோ பிறர் கூலிக்கு அளவு எடுத்துக் கொடுக்கப் போகிறவர்கள்தாம். ஆகையால் இது வெறும் பழங்கதை அன்று.

விடுமுறைக்கு ஊர் செல்லும் நண்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் ஊர் ஏரியையோ குன்றையோ ஆற்றங்கரையையோ ஒரே ஒரு படம் எடுங்கள். நீங்கள் நடுவில் நிற்க வேண்டாம். எங்கிருந்து எடுத்தீர்கள், எந்த நாள் என்பதைக் குறித்து வையுங்கள். அடுத்த ஆண்டும் அதே இடத்தில் நின்று எடுங்கள். அதற்குக் கழுதை வேண்டாம், கண்ணாடி வேண்டாம், விரலும் கறுக்காது.

என் விரல் கறை இப்போது மறைந்துவிட்டது. அடுத்த வாரம் மறுபடியும் வெள்ளி நைட்ரேட் பரிசோதனை இருக்கிறது. இம்முறை கறை பட்டால் அதைத் தேய்த்துப் போக்க நான் அவசரப்படப் போவதில்லை.